தோட்டக் கிளினிக்கிலிருந்து அரசாங்கக் கிளினிக்குக்கு: டாக்டரை மாற்றும்போது கவனிக்க வேண்டியவை

நெகிரி செம்பிலான் தோட்டங்களில் உழைத்து ஓய்வுபெற்ற மூத்த குடிமக்களுக்காகவும், அவர்களைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைகளுக்காகவும் இந்தப் பகுதி எழுதப்படுகிறது.

இனிப்பு நீர், இரத்த அழுத்தம், கொழுப்பு ஆகியவற்றுக்காக நீங்கள் பல ஆண்டுகளாக ஒரே இடத்தில் மருந்து எடுத்து வந்திருப்பீர்கள். அது தோட்டத்துக் கிளினிக்காக இருக்கலாம். நிர்வாகம் சொன்ன பேனல் டாக்டராக இருக்கலாம். இப்போது வேலை முடிந்துவிட்டது, அல்லது தோட்டம் கைமாறிவிட்டது, அல்லது மகனோடு நீலாய்க்கோ சிரம்பானுக்கோ குடிபோகிறீர்கள். டாக்டரை மாற்றியாக வேண்டும். மாற்றுவதற்கு அதிக அலைச்சல் இல்லை. பழைய இடத்தில் மருந்து முடிந்து, புதிய இடத்தில் இன்னும் தொடங்காத அந்த இடைவெளிதான் ஆபத்தானது. "உடம்பு நல்லாத்தானே இருக்கு, அடுத்த மாதம் போய்க்கொள்ளலாம்" என்று விட்டுவிட்ட இரத்த அழுத்தம் பக்கவாதமாகத் திரும்பி வரலாம். இரத்த அழுத்தம் ஏறும்போது பெரும்பாலும் வலியோ தலைசுற்றலோ இருக்காது. ஆகவே உடம்பு சொல்லும் என்று காத்திருக்கக் கூடாது.

இதுவரை யார் பார்த்துக்கொண்டார்கள்?

தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்கு டிரெசரைத் தெரியாமல் இருக்காது. காய்ச்சலுக்கு மருந்து, காயத்துக்குக் கட்டு, பிரசவத்துக்கு ஆள் அனுப்புவது எல்லாம் அவர்தான். குறிப்பிட்ட நாளில் வெளியிலிருந்து டாக்டர் வந்து பார்த்துவிட்டுப் போவார். இது நிர்வாகத்தின் கருணையால் வந்த ஏற்பாடு அல்ல. பிரிட்டிஷார் காலத்தில் 1923-ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டமே தோட்ட முதலாளிகள் மீது மருத்துவப் பொறுப்பைச் சுமத்தியிருந்தது. பிறகு 1990-ஆம் ஆண்டின் 446-ஆம் சட்டம், அதாவது தொழிலாளர்களின் வீட்டு வசதி, அடிப்படை வசதிகளுக்கான குறைந்தபட்சத் தரச் சட்டம், அந்தப் பொறுப்பைத் தொடர்ந்தது.

இந்த ஏற்பாடு வேலையோடு கட்டப்பட்டது. வேலை இருக்கும்வரை தொழிலாளிக்கும் அவரை நம்பி வாழும் குடும்பத்தினருக்கும் வசதி உண்டு. ஓய்வுபெற்ற பின், அதே லயத்தில் இன்னும் குடியிருந்தாலும், நிர்வாகம் உங்கள் மருத்துவச் செலவை ஏற்கும் என்று எடுத்துக்கொள்ள முடியாது. சில தோட்டங்களில் பழக்கத்தின் பேரில் முதியவர்களுக்கும் மருந்து கொடுத்து வருகிறார்கள். அது நல்ல மனம்; ஆனால் நிர்வாகம் மாறும் அன்று அந்தப் பழக்கமும் நின்றுபோகலாம். செண்டாயான் பக்கம் தோட்ட நிலங்கள் வீடமைப்புப் பகுதிகளாக மாறியதை நீங்களே பார்த்திருக்கிறீர்கள். ஆகவே கிளினிக் மூடும்வரை காத்திராமல், கையில் இரண்டு மாத மருந்து இருக்கும்போதே மாறிவிடுவது நல்லது.

பேனல் கிளினிக்குக்கும் இதே விதிதான். மகனோ மகளோ வேலை செய்யும் கம்பெனி பெற்றோரையும் சேர்த்துக்கொண்டிருந்தால், எந்த டாக்டரிடம் போகலாம் என்பது அந்தக் கம்பெனியின் பட்டியலைப் பொறுத்தது. பட்டியலில் உள்ள வேறு டாக்டருக்கு மாற விரும்பினால் பிள்ளையின் ஆபீசில் கேட்க வேண்டும். சில கம்பெனிகளில் எந்தப் பேனல் கிளினிக்கில் வேண்டுமானாலும் அட்டையைக் காட்டலாம். சிலவற்றில் ஒரே கிளினிக்கைத்தான் பதிவு செய்திருப்பார்கள். பிள்ளை வேலையை மாற்றும்போது உங்கள் டாக்டரும் மாற வேண்டி வரலாம் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பெரும்பாலான பிள்ளைகள் வேலை மாறும் பரபரப்பில் இதை மறந்துவிடுகிறார்கள். நீங்களே ஒரு வார்த்தை கேளுங்கள்.

அரசாங்கக் கிளினிக்கில் சேர இன்சூரன்ஸ் வேண்டுமா?

வேண்டாம். இந்தக் கேள்வியைப் பலர் கேட்கத் தயங்கி வீட்டிலேயே இருந்துவிடுகிறார்கள். கிளினிக் கெசிஹாத்தானுக்குப் போக எந்தத் திட்டத்திலும் சேர்ந்திருக்க வேண்டியதில்லை. யாருடைய அனுமதியும் தேவையில்லை. மைகார்டைக் கொண்டுபோனால் போதும். குடிமக்களுக்குச் சாதாரண வெளிநோயாளி சிகிச்சைக்கு 1 ரிங்கிட். 60 வயதைக் கடந்த குடிமக்களுக்கு அந்த 1 ரிங்கிட்டும் கிடையாது. டாக்டர் பார்ப்பது, மருந்து எல்லாம் அதிலேயே அடக்கம். சிவப்பு அடையாள அட்டை வைத்திருப்பவர்களும் வரலாம். குடியுரிமையைப் பொறுத்துக் கட்டணம் மாறும் என்பதால் முதலில் முகப்பில் விசாரித்துக்கொள்ளுங்கள். அட்டையின் நிறத்துக்குப் பயந்து மருந்தை நிறுத்திவிடாதீர்கள்.

வீட்டுக்குப் பக்கத்தில் உள்ள கிளினிக்கைத் தேர்ந்தெடுப்பதே உத்தமம். இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை போய்வர வேண்டிய இடம் அது. பெயர்பெற்ற கிளினிக் என்று தூரத்துக்குப் போனால் ஒரு மழைநாளில் போகாமல் விட்டுவிடுவோம். கிளினிக் டேசா என்பது வேறு. அங்கே தாதியர் இருப்பார்கள், தாய்சேய் நலமே முக்கியப் பணி. நீண்டகால நோய்க்கு டாக்டர் இருக்கும் கிளினிக் கெசிஹாத்தானுக்கே போக வேண்டும்.

அங்கே ஒரு வித்தியாசத்தைக் காண்பீர்கள். தனியார் கிளினிக்கில் ஒரே டாக்டர் உங்களை 20 வருடம் பார்த்திருப்பார். கிளினிக் கெசிஹாத்தானில் இந்த முறை ஒருவர், அடுத்த முறை இன்னொருவர். சில கிளினிக்குகளில் நீங்கள் குடியிருக்கும் பகுதியை வைத்து ஒரு குழுவிடம் உங்களை ஒப்படைப்பார்கள். குடும்ப டாக்டர் முறை என்பது அதுதான். அந்தக் குழுவில் டாக்டர் மாறினாலும் தாதியும் உங்கள் கோப்பும் பெரும்பாலும் அதே இடத்தில் இருக்கும். முதலில் உங்களைப் பார்ப்பவர் டாக்டராக இல்லாமல் துணை மருத்துவ அதிகாரியாகவும் இருக்கலாம். "டாக்டரைப் பார்க்க வந்தேன், வேறு யாரையோ விட்டார்கள்" என்று வருந்த வேண்டாம். அந்தக் காலத்து டிரெசர் வேலையின் இன்றைய வடிவம்தான் அந்தப் பதவி. அதற்கென்று முறையான படிப்பும் பயிற்சியும் பெற்றவர்கள் அவர்கள். தேவைப்பட்டால் டாக்டரிடமோ, குடும்ப மருத்துவ நிபுணரிடமோ அனுப்புவார்கள்.

கடிதம் இல்லாமல் கிளம்பாதீர்கள்

டாக்டரை மாற்றுவதில் முக்கியமான வேலை இதுதான். பழைய டாக்டரிடம் ஒரு பரிந்துரைக் கடிதம் கேட்டு வாங்குங்கள். தோட்டக் கிளினிக்காக இருந்தாலும் தனியார் கிளினிக்காக இருந்தாலும் கேட்கலாம். அவர் கோபித்துக்கொள்வாரோ என்ற கூச்சம் வேண்டாம். நோயாளி இடம் மாறுவது டாக்டர்களுக்குப் பழகிப்போன விஷயம். உங்களுக்கு என்ன நோய், எந்த ஆண்டிலிருந்து, என்ன மருந்து, எத்தனை மில்லிகிராம், ஒரு நாளைக்கு எத்தனை வேளை, எந்த மருந்து ஒத்துக்கொள்ளவில்லை, கடைசியாக எடுத்த இரத்தப் பரிசோதனையின் முடிவு என்ன என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும். இருதயப் படம் எடுத்திருந்தால் அதன் நகலையும் கேளுங்கள்.

மெடிக்கல் ரிப்போர்ட் என்பது வேறு. அது இன்சூரன்ஸ், நஷ்டஈடு போன்றவற்றுக்குத் தயாரிக்கும் விரிவான அறிக்கை. கட்டணம் உண்டு, நாளும் எடுக்கும். டாக்டர் மாற உங்களுக்கு அது தேவையில்லை. ஒரு பக்கக் கடிதம் போதும்.

கணினியில் எல்லாம் இருக்குமே என்று பிள்ளைகள் சொல்வார்கள். சிரம்பான் மாவட்டத்தில் சில கிளினிக்குகள் கணினிப் பதிவுக்கு மாறியிருக்கின்றன என்பது உண்மைதான். ஆனால் உங்கள் தோட்டக் கிளினிக்கின் நோட்டுப்புத்தகம் அந்தக் கணினிக்குள் இல்லை. தனியார் டாக்டரின் அட்டையும் இல்லை. ஒரு அரசாங்கக் கிளினிக்கிலிருந்து இன்னொன்றுக்கு மாறும்போதுகூட கோப்பு தானாக உங்கள் பின்னால் வந்துவிடும் என்று நம்பிவிடாமல், கடிதத்தையும் இனிப்பு நீர் சிறு புத்தகத்தையும் கையில் கொண்டுபோவதே பாதுகாப்பு.

கிளினிக் ஏற்கெனவே மூடிவிட்டது, கடிதம் வாங்க வழியில்லை என்றால்? வீட்டில் இருக்கும் எல்லா மருந்தையும் ஒரு பையில் போட்டு அப்படியே கொண்டுபோங்கள். காலியான மருந்து உறைகளும் உதவும். உறையின் மேல்தான் பெயரும் அளவும் எழுதியிருக்கும். பாட்டில் மாற்றி வைத்த மாத்திரைகளைக் கண்டுபிடிப்பது யாருக்கும் சிரமம். கடையில் வாங்கிய வலி மாத்திரை, நாட்டு மருந்து, லேகியம், பக்கத்து வீட்டம்மா கொடுத்த பொடி எல்லாவற்றையும் பையில் போடுங்கள். டாக்டர் திட்டுவார் என்று மறைக்காதீர்கள். மூட்டு வலிக்கு எடுக்கும் சில மாத்திரைகள் சிறுநீரகத்தைக் கெடுக்கும். இனிப்பு நீர் உள்ளவர்களுக்கு அந்த ஆபத்து இன்னும் அதிகம். அது தெரிந்தால்தான் புதிய டாக்டர் சரியான மருந்தைத் தருவார்.

ஒரே மருந்து, இரண்டு நிறம்

லாபு பக்கத்துத் தோட்டத்தில் இருந்த ஒரு பாட்டி மகன் வீட்டுக்கு வருகிறார் என்று வைத்துக்கொள்வோம். பழைய கிளினிக்கில் அவருக்கு இரத்த அழுத்தத்துக்கு வெள்ளை மாத்திரை கொடுத்திருந்தார்கள். புதிய கிளினிக்கில் கொடுத்தது வேறு நிறம், வேறு வடிவம். பாட்டி இரண்டும் வேறு வேறு மருந்து என்று நினைத்து, வீணாக்க மனமில்லாமல், பழையதையும் புதியதையும் சேர்த்தே விழுங்குகிறார். உண்மையில் இரண்டும் அம்லோடிபின். தயாரித்த கம்பெனிதான் வேறு. சில நாளில் காலில் வீக்கம், எழுந்து நின்றால் தலைசுற்றல், ஒரு நாள் குளியலறையில் விழுந்து இடுப்பு எலும்பு முறிவு.

இனிப்பு நீர் மாத்திரையில் இது நடந்தால் நிலைமை இன்னும் மோசம். கிளிக்லசைட் போன்ற மாத்திரையை இரண்டு மடங்கு எடுத்துவிட்டால் சர்க்கரை அளவுக்கு மீறி இறங்கிவிடும். வியர்க்கும், கை நடுங்கும், பேச்சு குழறும். வயதானவர்களிடம் இது தூக்கக் கலக்கம் போலவே தெரிவதால் வீட்டில் கவனிக்காமல் விட்டுவிடுவார்கள். அப்படிப்பட்ட நேரத்தில் நினைவு இருந்தால் உடனே சீனி கலந்த தண்ணீர் கொடுக்க வேண்டும். நினைவில்லை என்றால் வாயில் எதையும் ஊற்றாமல் 999-க்கு அழைக்க வேண்டும்.

ஆகவே புதிய மருந்து கையில் வந்ததும் மருந்துக் கவுண்டரிலேயே பழைய பையை எடுத்துக் காட்டி, "இதில் எதை நிறுத்த வேண்டும்?" என்று கேளுங்கள். கவுண்டரில் கூட்டம் இருந்தாலும் கேளுங்கள். நிறுத்தச் சொன்னதை வீட்டுக்குக் கொண்டுபோகாமல் அங்கேயே கொடுத்துவிடலாம். மருந்தின் நிறத்தை நினைவில் வைப்பதை விடப் பெயரை ஒரு தாளில் தமிழிலேயே எழுதி மைகார்டோடு வைத்துக்கொள்வது மேல்.

எதிர்ப்பக்கத் தவறும் உண்டு. புதிய டாக்டர் பார்த்துக்கொள்வார் என்று பழைய மருந்தை முன்கூட்டியே நிறுத்திவிடுவது. இருதயத்துக்கு எடுக்கும் சில மாத்திரைகளைத் திடீரென்று நிறுத்தினால் நெஞ்சுவலி வரலாம். இன்சுலின் போடுபவர்கள் ஒரு வாரம் நிறுத்தினாலே ஆஸ்பத்திரியில் சேர வேண்டி வரலாம். இரத்தம் உறையாமல் இருக்க வார்ஃபரின் எடுப்பவர்கள், வீடு மாறுவதற்கு முன்பே இப்போதைய கிளினிக்கில் சொல்லிவிடுங்கள். அதற்கான இரத்தப் பரிசோதனையை எங்கே எடுக்கலாம் என்று அவர்களே சொல்ல வேண்டும்.

டாக்டரை மாற்றாமலே மருந்தைப் பக்கத்தில் வாங்கலாம்

மாற வேண்டும் என்று சொல்பவர்களில் பலர் உண்மையில் டாக்டரை மாற்ற விரும்புவதில்லை. தூரம்தான் அவர்கள் பிரச்சினை. பாகாவ் பக்கத்துத் தோட்டத்தில் இருக்கும் ஒருவர் இருதய நோய்க்குச் சிரம்பான் துவாங்கு ஜாஃபார் மருத்துவமனையில் நிபுணரைப் பார்க்கிறார். நிபுணர் ஆறு மாதத்துக்குப் பிறகு வரச் சொல்கிறார். மருந்தை மட்டும் மாதா மாதம் வாங்க வேண்டும். அதற்காக ஒவ்வொரு முறையும் கோலப்பிலா வழியாக, புக்கிட் புத்துஸ் மலையைத் தாண்டி, ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு மகன் கூட்டிப்போக வேண்டியதில்லை.

இதற்கு எஸ்.பி.யு.பி. என்ற ஏற்பாடு இருக்கிறது. ஒரு அரசாங்க மருத்துவமனையிலோ கிளினிக்கிலோ எழுதிய மருந்தின் மீதியை, உங்கள் வீட்டுக்கு அருகில் உள்ள இன்னொரு அரசாங்க மருந்தகத்தில் வாங்கிக்கொள்வதுதான் அது. முதல் மாத மருந்து வாங்கும்போதே மருந்துக் கவுண்டரில் "எஸ்.பி.யு.பி." என்று சொல்லி, எந்தக் கிளினிக்கில் வாங்க விரும்புகிறீர்கள் என்றும் சொல்ல வேண்டும். அவர்கள் பதிவு செய்து ஒரு படிவம் தருவார்கள். அந்தப் படிவத்தைத் தொலைத்துவிடாதீர்கள். பக்கத்துக் கிளினிக்கில் அந்த மருந்து கைவசம் இல்லாமல் இருக்கலாம். வரவழைக்கச் சில நாள் ஆகும். ஆகவே மருந்து முடியும் நாளன்று போகாமல், முன்கூட்டியே போன் செய்து கேட்டுவிட்டுப் போங்கள். இன்னும் சில இடங்களில் தபாலில் மருந்து அனுப்பும் சேவையும் இருக்கிறது. அதற்குத் தபால் கட்டணம் உண்டு. ஐஸ்பெட்டியில் வைக்க வேண்டிய இன்சுலினை நேரில் வாங்குவதே நல்லது.

பெக்கா பி40 டாக்டர் உங்கள் நிரந்தர டாக்டர் அல்ல

பெக்கா பி40 திட்டம் 2019-இல் தொடங்கியது. எஸ்.டி.ஆர். உதவித்தொகை பெறுபவர்களும் அவர்களின் கணவன் அல்லது மனைவியும், 40 வயதைக் கடந்திருந்தால், இதில் இடம்பெறுவார்கள். தனியாக விண்ணப்பம் தேவையில்லை. திட்டத்தில் சேர்ந்த கிளினிக்கில் மைகார்டைக் காட்டினால் தகுதி இருக்கிறதா என்று பார்த்துச் சொல்வார்கள். இலவசமாக உடல் பரிசோதனை செய்துகொள்ளலாம். மருத்துவக் கருவி தேவைப்படுபவர்களுக்கு 20,000 ரிங்கிட் வரை உதவி, புற்றுநோய் சிகிச்சையை முடிப்பவர்களுக்கு 1,000 ரிங்கிட், தீபகற்பத்தில் இருப்பவர்களுக்குப் போக்குவரத்துக்கு 500 ரிங்கிட் வரை என்று மற்ற உதவிகளும் இருக்கின்றன.

பரிசோதனைக்கு எந்த டாக்டரிடம் போவது என்பது உங்கள் விருப்பம். திட்டத்தில் சேர்ந்த தனியார் கிளினிக்கும் சரி, அரசாங்கக் கிளினிக்கும் சரி. ஆனால் ஒன்றைத் தெளிவாகப் புரிந்துகொள்ளுங்கள். இது மாதா மாதம் மருந்து கொடுக்கும் இன்சூரன்ஸ் அல்ல. தனியார் கிளினிக்கில் பரிசோதனை செய்து இனிப்பு நீர் இருப்பதாகத் தெரிந்தால், முடிவை வாங்கிக்கொண்டு கிளினிக் கெசிஹாத்தானுக்குப் போய்ச் சிகிச்சையைத் தொடங்க வேண்டும். இரத்தம் கொடுத்ததோடு வேலை முடிந்தது என்று முடிவைக் கேட்க இரண்டாம் முறை போகாமல் விட்டுவிடாதீர்கள். முடிவு தெரியாத பரிசோதனையால் யாருக்கும் பயனில்லை.

டாக்டரைப் பிடிக்கவில்லை என்றால்

இதுவும் நியாயமான காரணம்தான். அவசரமாகப் பேசுகிறார், மலாயில் சொல்வது புரியவில்லை, பெண்ணாக இருப்பதால் ஆண் டாக்டரிடம் சொல்லக் கூச்சமாக இருக்கிறது. கிளினிக்கை விட்டுப் போவதற்கு முன் தாதியிடம் சொல்லிப் பாருங்கள். பெண் டாக்டர் இருந்தால் மாற்றிவிடுவார்கள். தமிழ் பேசும் ஊழியர் இருந்தால் கூப்பிட்டு விளக்கச் சொல்வார்கள். மகனையோ மகளையோ உள்ளே கூட்டிப்போகலாம். பேரப்பிள்ளையை மொழிபெயர்க்க வைப்பதைத் தவிர்த்தால் நல்லது, சில விஷயங்களைப் பிள்ளை முன்னால் நீங்களே சொல்ல மாட்டீர்கள். மரியாதைக் குறைவாக நடத்தினார்கள் என்றால் சுகாதார அமைச்சின் சிஸ்பா புகார் முறையிலோ, மாநில சுகாதார இலாகாவின் பொதுத்தொடர்புப் பிரிவிலோ தெரிவிக்கலாம். புகார் செய்தால் மருந்து தர மாட்டார்கள் என்ற பயம் வேண்டாம்.

ஆனால் "இந்த டாக்டர் ஊசி போடுவதில்லை" என்பதற்காக மாறாதீர்கள். அந்தக் காலத்தில் ஊசி போட்டால்தான் வைத்தியம் என்று இருந்தோம். இரத்த அழுத்தத்தை அடக்கி வைப்பது தினமும் எடுக்கும் மாத்திரைதான். ஒரே நேரத்தில் இரண்டு டாக்டரிடம் போய், ஒருவருக்குத் தெரியாமல் மற்றவரிடம் மருந்து வாங்குவதும் வேண்டாம். காய்ச்சல் இருமலுக்குப் பக்கத்துத் தனியார் கிளினிக்குக்குப் போவதில் தவறில்லை. போகும்போது தினசரி மருந்துப் பட்டியலைக் காட்டுங்கள்.

படுக்கையில் இருப்பவர்களை, முக்கியமாகப் பக்கவாதம் வந்தவர்களை, கிளினிக்குக்குத் தூக்கிக்கொண்டு வர முடியாது. அவர்களுக்கு வீட்டுக்கே வந்து பார்க்கும் பெராவாத்தான் டொமிசிலியாரி என்ற சேவை கிளினிக் கெசிஹாத்தான் வழியாக இருக்கிறது. மருத்துவமனையிலிருந்து வீட்டுக்கு அனுப்பும்போது இதைப் பற்றி வார்டில் கேளுங்கள்.

முதல் நாள் போகும்போது

காலையில் சீக்கிரம் போங்கள். புதிய பதிவுக்கு நேரம் எடுக்கும். மைசெஜாத்ரா செயலியில் பிள்ளைகள் உங்களுக்காக நாள் குறிக்கலாம்; கைப்பேசி இல்லாதவர்கள் நேரில் போய் நாள் வாங்கலாம். பட்டினியாக வர வேண்டும் என்று கிளினிக்கில் சொன்னால் மட்டும் பட்டினியாக வாருங்கள். இனிப்பு நீர் மாத்திரையைப் போட்டுவிட்டுச் சாப்பிடாமல் வரிசையில் உட்காரக் கூடாது.

இனிப்பு நீர் உள்ளவர்கள் புதிய கிளினிக்கில் ஒன்றைக் கேட்டு வாங்க வேண்டும்: ஆண்டுக்கு ஒருமுறை கண், பாதம், சிறுநீரகம் ஆகியவற்றின் பரிசோதனை. பழைய இடத்தில் இது நடந்திருக்காவிட்டால் இப்போது தொடங்கலாம்.

முகப்பில் தமிழ் தெரிந்தவர் இல்லையென்றால், இந்த வரிகளைச் சொன்னால் போதும். சொல்ல வராவிட்டால் மகனிடம் சொல்லி மலாயில் எழுதி வாங்கிக்கொண்டு காட்டுங்கள். பழைய கிளினிக்கில்: "சாயா நாக் பிண்டா கிளினிக். மிந்தா சூராட் ருஜுக்கான்." நான் கிளினிக் மாறப் போகிறேன், பரிந்துரைக் கடிதம் வேண்டும் என்று பொருள். புதிய கிளினிக்கில்: "சாயா பாரு பிண்டா. இனி உபாட் லாமா சாயா." இப்போதுதான் மாறி வந்திருக்கிறேன், இவை என் பழைய மருந்துகள். ஏதாவது மருந்து ஒத்துக்கொள்ளாதென்றால், டாக்டர் கேட்பதற்கு முன்பே: "சாயா அடா அலாஹான் உபாட்."